வாய்க்கால் பாலமும் ஏழு நாள் நோட்டீசும்: அரசு வேலையில் கெடு தவறினால் என்ன ஆகும்?

வாய்க்கால்கரை (பிப்ரவரி 11)

எல்லோருக்கும் வணக்கம். நெல்லைப் பக்கம் சின்ன அளவில் அரசு ஒப்பந்த வேலை எடுத்துச் செய்கிறேன். பள்ளிக்கூடக் கட்டிடம், சிமெண்ட் சாலை, சிறுபாலம், இந்த அளவுதான். பதினாறு வருடத்தில் ஒரு வேலைக்கும் நோட்டீஸ் வாங்கியதில்லை. நேற்று வாங்கிவிட்டேன். இரவு சரியாகத் தூக்கம் இல்லை.

விஷயம் இதுதான். பாசன வாய்க்காலுக்குக் குறுக்கே ஒரு சிறுபாலம், 41 லட்சம். போன வருடம் பிப்ரவரி முதல் வாரம் அக்ரிமெண்ட் போட்டோம். ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும். ஆனால் இடம் என் கைக்கு வந்ததே ஏப்ரல் 20க்கு மேல்தான். ஒரு கரையில் சரியாக அடித்தளம் வர வேண்டிய இடத்தில் மின்கம்பம், மறுகரையில் குடிநீர்க் குழாய். கம்பத்தை மாற்றி முடிக்க மே கடைசி ஆகிவிட்டது. ஜூனில் கார் சாகுபடிக்குத் தண்ணீர் திறந்துவிட்டார்கள். வாய்க்காலில் தண்ணீர் ஓடும்போது எங்கே அஸ்திவாரம் தோண்டுவது? கார் முடிந்து தண்ணீர் வற்றுவதற்குள் ஐப்பசி மழை, அப்புறம் பிசான நெல் பருவத்துக்குத் தண்ணீர். கிடைத்த இடைவெளியில் ஒரு பக்கச் சுவரை மட்டும் எழுப்பினேன்.

இப்போது வந்த நோட்டீசில், ஏழு நாளில் விளக்கம் தர வேண்டும், இல்லாவிட்டால் ஒப்பந்தம் ரத்து, டெபாசிட் பறிமுதல், ஒப்பந்த மதிப்பில் 10 சதவீதம் அபராதம், மீதி வேலையை வேறு ஆளிடம் கொடுத்துக் கூடுதல் செலவை என்னிடம் வசூலிப்பது என்று இருக்கிறது. கறுப்புப் பட்டியலில் வைப்போம் என்று வாயால் சொல்கிறார்கள், நோட்டீசில் அது இல்லை.

இந்த ஒரு வருடத்தில் நான் அலுவலகத்துக்கு ஒரு கடிதம்கூடக் கொடுக்கவில்லை. "எழுதிக்கொண்டு இருக்காதீங்க, கால நீட்டிப்புப் பார்த்துக் கொடுத்துடலாம்" என்றார்கள், நம்பினேன். கம்பம், தண்ணீர் எல்லாவற்றையும் போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறேன். அதற்கு "ஓகே" என்று பதில் வந்திருக்கிறது. இதை வைத்து ஏதாவது செய்ய முடியுமா?

கருங்கல்ஜல்லி (பிப்ரவரி 11)

அண்ணே, முதல் வேலையாக அந்த ஏழு நாளைத் தவற விட்டுவிடாதீங்க. விளக்கமே வரவில்லை என்று ஒரு வரி எழுதி ரத்து செய்துவிட்டால், அப்புறம் எவ்வளவு நியாயம் இருந்தாலும் "கேட்டோம், பதில் சொல்லவில்லை" என்றுதான் கோப்பில் நிற்கும். எனக்கு அப்படி ஆகியிருக்கிறது. முழு பதில் தயாராகவில்லை என்றால் பதினைந்து நாள் அவகாசம் கேட்டு ஒரு கடிதமாவது நாளைக்கே கொடுத்துவிடுங்க. தபால் பிரிவில் நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்க. முத்திரை போட மறுத்தால் அதே நாளில் ஸ்பீட் போஸ்டிலும் மின்னஞ்சலிலும் அனுப்பிவிடுங்க.

பழைய உதவிப் பொறியாளர் (பிப்ரவரி 11)

தம்பி, நான் முப்பத்தோரு வருடம் மேசையின் அந்தப் பக்கம் இருந்தவன். ஓய்வு பெற்றுவிட்டதால் மனதில் இருப்பதைச் சொல்கிறேன்.

"எழுதாதீங்க, பார்த்துக்கலாம்" என்று சொன்னவர் உங்களை ஏமாற்ற வேண்டும் என்று சொல்லியிருக்க மாட்டார். இடத்தை இரண்டரை மாதம் தாமதமாக ஒப்படைத்தோம் என்று கோப்பில் ஏறினால் நாளைக்குத் தணிக்கையில் அவர் பதில் சொல்ல வேண்டும். கம்பத்தை மாற்றாமல் எப்படி டெண்டர் விட்டீர்கள் என்று கேள்வி வரும். அதனால் எழுத்தில் எதுவும் வராமல் இருப்பது அவருக்கு அன்றைக்கு நல்லது. ஆனால் அவர் மாற்றலாகிப் போய்விட்டால் அடுத்து வருபவர் கோப்பை மட்டும்தான் பார்ப்பார். கோப்பில் என்ன இருக்கும்? பிப்ரவரியில் அக்ரிமெண்ட், ஆகஸ்டில் கெடு, வேலை கால்வாசி. நோட்டீஸ் போடாமல் அவர் என்ன செய்வார்?

மத்தியப் பொதுப்பணித் துறை வேலைகளில் தடங்கல் பதிவேடு என்று ஒன்று தளத்தில் இருக்கும். என்ன தடங்கல், எந்தத் தேதியில் தொடங்கியது, எந்தத் தேதியில் நீங்கியது, நிகரமாக எத்தனை நாள் என்று எழுதி இரண்டு தரப்பும் கையெழுத்துப் போடும். ஒரே நேரத்தில் இரண்டு தடங்கல் இருந்தால் மேற்படிந்த நாட்களைக் கழித்துவிடுவார்கள். நம்மூர்ச் சின்ன வேலைகளில் அது நடைமுறையில் இல்லை. இப்போது நீங்களே அப்படி ஒரு பட்டியல் தயாரியுங்கள். ஒவ்வொரு வரிக்கும் ஒரு ஆதாரம் வையுங்கள். இடம் ஒப்படைத்ததற்கு எம் புத்தகத்தில், அதாவது வேலையின் அளவுகளைப் பதியும் புத்தகத்தில், முதல் அளவு எடுத்த தேதி இருக்கும். தண்ணீர் திறப்புக்கு அரசாணையும் செய்திக்குறிப்பும் இருக்கும். கம்பம் மாற்றக் கேட்டுத் துறை எழுதிய கடிதம், பணம் கட்டிய தேதி, மாற்றிய தேதி எல்லாம் அவர்களுடைய கோப்பிலேயே இருக்கும். தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், 30 நாளில் தர வேண்டும். உங்களிடம் கடிதம் இல்லாவிட்டால் என்ன, அவர்கள் ஒருவருக்கொருவர் எழுதிய கடிதங்கள் உங்களுக்காகப் பேசும்.

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 12)

நான் வழக்குரைஞர். ஒப்பந்த வழக்குகள் கொஞ்சம் பார்க்கிறேன். பொதுவாகச் சட்டம் எங்கே நிற்கிறது என்று சொல்கிறேன், உங்கள் அக்ரிமெண்ட்டைப் படிக்காமல் முடிவாக எதுவும் சொல்ல முடியாது.

முதல் கேள்வி, காலமே ஒப்பந்தத்தின் சாரமா என்பது. எல்லா அரசு அக்ரிமெண்ட்டிலும் "ஆம்" என்று ஒரு வரி அச்சடித்திருக்கும். அந்த ஒரு வரியை மட்டும் வைத்து நீதிமன்றம் முடிவெடுப்பதில்லை. இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872, பிரிவு 55ஐப் பாருங்கள். காலம் சாரமாக இருந்தால் கெடு தவறியதும் எதிர்த் தரப்பு ஒப்பந்தத்தை ரத்து செய்யலாம். சாரமாக இல்லாவிட்டால் ரத்து செய்ய முடியாது, தாமதத்தால் வந்த இழப்பை மட்டும் கேட்கலாம்.

எது சாரம், எது இல்லை? இதற்கு உங்கள் வேலைக்கு மிக நெருக்கமான தீர்ப்பு ஒன்று இருக்கிறது. ஹிந்த் கன்ஸ்ட்ரக்‌ஷன் எதிர் மகாராஷ்டிர மாநிலம், 1979. அதுவும் வாய்க்கால் வேலைதான். நாசிக் இடதுகரைக் கால்வாயில் ஆலந்தி ஆற்றின் குறுக்கே நீர்ப்பாலம். 1955 ஜூலையில் தொடங்கிப் பன்னிரண்டு மாதத்தில் முடிக்க வேண்டும். முடியவில்லை. 1956 ஆகஸ்டில் அரசு ரத்து செய்துவிட்டது. உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது என்றால், கால நீட்டிப்புக்கு வழி வைத்து, தாமதத்துக்கு நாள் கணக்கில் அபராதமும் வைத்திருக்கிற ஒப்பந்தத்தில் காலம் சாரம் என்ற வரி வலுவிழந்துவிடுகிறது. அரசு ஒப்பந்தத்தை முடித்துக்கொள்ள வேண்டுமென்றால் புதிதாக ஒரு தேதி குறித்து, அதற்குள் முடி, இல்லாவிட்டால் ரத்து என்று அறிவித்திருக்க வேண்டும். அப்படிச் செய்யாமல் நேரே ரத்து செய்தது தவறு.

உங்கள் அக்ரிமெண்ட்டிலும் நீட்டிப்பு விதியும் அபராத விதியும் இருக்கும் என்றே நினைக்கிறேன். ஆகஸ்டில் கெடு முடிந்த பிறகும் உங்களை வேலை செய்ய விட்டிருக்கிறார்கள், சுவருக்கு அளவெடுத்துப் பில் கொடுத்திருக்கிறார்கள் என்றால் அது இன்னும் உங்களுக்குச் சாதகம். ஆகஸ்டுக்குப் பிறகு பில் ஏதாவது வாங்கினீர்களா?

வாய்க்கால்கரை (பிப்ரவரி 12)

வாங்கினேன் சார். அக்டோபரில் ஒரு பகுதிப் பில். அதில் அபராதம் எதுவும் பிடிக்கவில்லை.

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 12)

நல்லது. அந்தப் பில்லின் நகலைப் பத்திரமாக வையுங்கள். உங்கள் பதிலில் அதற்குத் தனிப் பத்தி வேண்டும். பிரிவு 55இன் கடைசிப் பகுதி இதைப் பற்றியதுதான். தாமதமான வேலையை ஏற்றுக்கொள்கிறவர், ஏற்கும் நேரத்திலேயே இழப்பீடு கேட்கப்போகிறேன் என்று அறிவிக்காவிட்டால் பின்னால் கேட்க முடியாது.

மேலத்தெரு (பிப்ரவரி 12)

நான் ஒப்பந்ததாரரும் இல்லை, வக்கீலும் இல்லை. எங்கள் ஊரிலும் இப்படி ஒரு பாலம் இரண்டு வருடமாக அரைகுறையாக நிற்கிறது. பழைய பாலத்தை இடித்துவிட்டார்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகள் வாய்க்காலைச் சுற்றி மூன்று கிலோமீட்டர் நடக்கிறார்கள். நெல் அறுத்தால் வண்டி வராது, தலைச்சுமையாகத் தூக்கி அக்கரைக்குக் கொண்டுபோகிறோம். உங்களுக்குள் யார் பக்கம் தவறு என்று எழுதிக்கொண்டே இருக்கிறீர்கள். ஊருக்கு இதில் எங்கே இடம்?

வாய்க்கால்கரை (பிப்ரவரி 12)

நீங்கள் கேட்பது நியாயம். அந்த ஊர்க்காரர்கள் என்னைத்தான் பிடித்துக் கேட்கிறார்கள். இப்போது ரத்து செய்து, மறுபடி எஸ்டிமேட் போட்டு, டெண்டர் விட்டு, வேறு ஆள் வருவதற்குள் இந்தக் கோடை போய்விடும். ஏப்ரலும் மேயும் போனால் அடுத்த கோடை வரைக்கும் யாராலும் வாய்க்காலில் இறங்க முடியாது. பங்குனியில் தண்ணீர் நின்றதும் இடத்தைக் கொடுத்தால் இரண்டு மாதத்தில் முடித்துவிடுவேன். கம்பி வாங்கித் தளத்திலேயே வைத்திருக்கிறேன்.

பழைய உதவிப் பொறியாளர் (பிப்ரவரி 13)

தம்பி, இப்போது எழுதினீர்களே, இதை அப்படியே பதிலில் எழுதுங்கள். சட்டப் பிரிவுகளுக்கு முன்னால் இது வரட்டும். என்றைக்குத் தண்ணீர் நிற்கும், அதிலிருந்து எத்தனை நாளில் அஸ்திவாரம், எத்தனை நாளில் சுவர், என்றைக்கு மேல்தளக் கான்கிரீட் என்று வாரவாரியாக ஒரு அட்டவணை வையுங்கள். செயற்பொறியாளருக்கும் பாலம் முடிய வேண்டும். ரத்து செய்தால் அவருக்கும் இரண்டு வருடத் தலைவலி. முடித்துத் தருவேன் என்று நம்பும்படி ஒரு திட்டம் கையில் இருந்தால் அவர் மேலே எழுதி நீட்டிப்பு வாங்குவது சுலபம்.

ஒன்று மட்டும் உங்கள் தரப்பிலும் சொல்ல வேண்டும். ஒரே சமயத்தில் ஐந்து வேலை எடுத்து, பணம் எங்கே சீக்கிரம் வருகிறதோ அங்கே ஆளை அனுப்பிவிட்டு, மற்ற இடங்களில் மழையைக் காரணம் காட்டுகிற ஒப்பந்ததாரர்களையும் நிறையப் பார்த்திருக்கிறேன். அவர்களால்தான் உண்மையான காரணம் சொல்கிறவரையும் யாரும் நம்புவதில்லை. உங்கள் கணக்கில் உங்கள் தவறால் போன நாட்கள் இருந்தால் அதை ஒப்புக்கொண்டு எழுதுங்கள். முழுவதும் துறையின் தலையில் போட்டால் பட்டியலே பொய்யாகத் தெரியும்.

வாய்க்கால்கரை (பிப்ரவரி 13)

இருக்கிறது சார். செப்டம்பரில் தண்ணீர் குறைந்த பிறகு சென்ட்ரிங் ஆள் கிடைக்காமல் பதினெட்டு நாள் வீணாகப் போனது. அது என்னுடையதுதான்.

சூளைமேட்டுப் பெண் (பிப்ரவரி 13)

அப்பா காலமான பிறகு அவருடைய கம்பெனிக் கணக்கை நான்தான் பார்க்கிறேன். அண்ணாவுக்கு ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்று தோன்றியது.

அப்பா முடித்த கடைசி வேலையில் தாமதத்துக்கு என்று ஒன்றரை லட்சத்துக்கு மேல் பிடித்துவிட்டார்கள். தாமதம் வரைபடம் மாறியதால் வந்தது. மாற்றிய வரைபடம் வந்த தேதியோடு வீட்டில் இருக்கிறது. நம்பிக்கையோடு ஒரு வக்கீலிடம் போனோம். அவர் கடைசிப் பில்லைப் பார்த்துவிட்டு, அப்பா கையெழுத்துக்கு மேலே இருந்த வரியைக் காட்டினார். "இந்த வேலை தொடர்பாக இனி எந்தக் கோரிக்கையும் இல்லை என்று முழுத் திருப்தியுடன் பெற்றுக்கொண்டேன்." அச்சடித்த வரி. பணம் வர வேண்டுமென்றால் கையெழுத்துப் போட்டுத்தான் ஆக வேண்டும் என்று சொல்லியிருப்பார்கள், அப்பாவும் போட்டிருக்கிறார். ஆட்களுக்குக் கூலி பாக்கி, அவர் என்ன செய்வார்? அந்த வரியைத் தாண்டி வழக்கு நடத்த முடியும், ஆனால் கட்டாயத்தில் போட்டது என்று நாங்கள் நிரூபிக்க வேண்டும் என்றார் வக்கீல். வழக்குப் போடுவதற்கான மூன்று வருடக் கெடு முடிய ஒரு மாதம்தான் இருந்தது. விட்டுவிட்டோம். அந்தத் தொகையைவிட, அப்பா தவறு செய்தார் என்று கோப்பில் இருக்கிறதே, அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 13)

அம்மா, உங்கள் அப்பாவுக்கு நடந்தது எத்தனையோ பேருக்கு நடந்திருக்கிறது. அந்த இடத்தில் "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று கையால் எழுதிக் கையெழுத்துப் போடலாம். எழுத விடவில்லை என்றால் போட்டுவிட்டு, அன்றைக்கோ மறுநாளோ பதிவாகும்படி ஒரு கடிதம் அனுப்ப வேண்டும். ஆறு மாதம் கழித்து எழுதினால் யாரும் நம்ப மாட்டார்கள்.

கருங்கல்ஜல்லி (பிப்ரவரி 14)

சார், அந்த 10 சதவீத அபராதத்தைப் பற்றிச் சொல்லுங்கள். அக்ரிமெண்ட்டில் 10 என்று போட்டிருந்தால் அப்படியே பிடித்துவிடலாமா?

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 14)

இதில்தான் தீர்ப்புகள் இரண்டு பக்கமும் இழுக்கும். அதே ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 74 சொல்வது, ஒப்பந்தத்தில் குறித்த தொகை உச்சவரம்பு. அதற்கு மேல் போகாமல் நியாயமான இழப்பீடு கொடுக்கலாம். குறித்த தொகை முழுதும் தானாகக் கிடைத்துவிடாது.

மௌலா பக்‌ஷ் எதிர் இந்திய ஒன்றியம், 1969. ராணுவத்துக்கு உருளைக்கிழங்கும், கோழி, முட்டை, மீனும் கொடுக்க 1947இல் போட்ட ஒப்பந்தங்கள். சரியாகக் கொடுக்கவில்லை என்று ரத்து செய்து 10,000, 8,500 ரூபாய் டெபாசிட்டுகளைப் பறிமுதல் செய்தார்கள். உச்ச நீதிமன்றம், உருளைக்கிழங்கை வேறு இடத்தில் வாங்கியதில் எவ்வளவு நஷ்டம் என்று கணக்குக் காட்ட முடியும், காட்டவில்லை, ஆகவே டெபாசிட்டைத் திருப்பிக் கொடு என்றது.

2003இல் ஓ.என்.ஜி.சி. எதிர் சா பைப்ஸ். அதில் காற்று எதிர்ப்பக்கம் அடித்தது. ஐரோப்பாவில் எஃகு ஆலை வேலைநிறுத்தத்தால் சா பைப்ஸ் தர வேண்டிய குழாய் தாமதமாக வந்தது. ஓ.என்.ஜி.சி. நீட்டிப்புக் கொடுத்தது, கூடவே தாமதத் தொகையைப் பிடிப்போம் என்றும் எழுதியது. அந்தப் பிடித்தம் சரிதான், இரண்டு தரப்பும் முன்கூட்டியே நேர்மையாக மதிப்பிட்ட தொகை என்றால் நஷ்டத்தைத் தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை என்று தீர்ப்பு வந்தது. அரசுத் தரப்பு வக்கீல் எல்லோரும் இதைத்தான் முதலில் காட்டுவார்கள்.

அப்புறம் 2015இல் கைலாஷ் நாத் எதிர் டெல்லி வளர்ச்சி ஆணையம். பிகாஜி காமா பிளேஸில் 3.12 கோடிக்கு ஏலம் எடுத்த மனை. முன்பணம் 78 லட்சத்தைப் பறிமுதல் செய்துவிட்டு, அதே மனையை 11.78 கோடிக்கு மறுபடி ஏலம் விட்டார்கள். நஷ்டம் எங்கே என்று கேட்டு 78 லட்சத்தைத் திருப்பித் தரச் சொன்னது உச்ச நீதிமன்றம். நஷ்டமே இல்லாத இடத்தில் பிரிவு 74 வராது.

பாலம் தாமதமானால் அரசுக்கு ரூபாயில் என்ன நஷ்டம் என்று கணக்கிடுவது கடினம். அதனால் இந்த மாதிரி வேலைகளில் சா பைப்ஸ் கொஞ்சம் கூடுதலாக எடுபடும் என்பதை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஆகவே அபராதத் தொகை அதிகமா குறைவா என்பதைவிட, தாமதம் யாருடையது என்பதில்தான் உங்கள் பலம் இருக்கிறது. தாமதமே துறையால் என்றால் அபராதம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

கறுப்புப் பட்டியல் விஷயத்தில் பயப்பட வேண்டாம். கூர்க்கா செக்யூரிட்டி வழக்கில், 2014, நோட்டீசிலேயே அந்த நடவடிக்கையை உத்தேசித்திருக்கிறோம் என்று தெரியும்படி இருக்க வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். உங்கள் நோட்டீசில் இல்லை. அதை வைத்து அவர்கள் பட்டியலில் சேர்க்க முடியாது.

வாட்ஸ்அப் படங்களை அழிக்காதீர்கள், போனையும் மாற்றாதீர்கள். மின்னணுச் சான்றுகளுக்கு இப்போது பாரதிய சாக்ஷ்ய அதினியம் என்ற புதிய சாட்சியச் சட்டத்தின் பிரிவு 63இன்படி சான்றிதழ் வைக்க வேண்டும், பழைய சாட்சியச் சட்டத்தின் 65பி போலத்தான். "ஓகே" என்ற பதிலும் சேர்த்து அச்செடுங்கள்.

கடைசி நிமிடம் (பிப்ரவரி 15)

இடையில் வருவதற்கு மன்னிக்க வேண்டும். என் பிரச்சினை டெண்டர் போடும் கட்டத்தில். இணையதளத்தில் மாலை 3 மணிக் கெடு. 2.40க்கு எல்லா ஆவணமும் ஏற்றிவிட்டேன். விலைப் பட்டியலும் ஏறிவிட்டது. மறுநாள் பார்த்தால் என் ஒப்பந்தப்புள்ளியே வரவில்லை என்கிறார்கள். கேட்டால் கடைசியில் இறுதி செய்கிற ஃப்ரீஸ் பொத்தானை அழுத்தவில்லை என்கிறார்கள். என் விலை எல்லோரையும்விடக் குறைவு. நீதிமன்றம் போகலாமா?

சூளைமேட்டுப் பெண் (பிப்ரவரி 15)

ஃப்ரீஸ் செய்த பிறகுதான் ஏற்புச் சீட்டு வரும் சார். அதில் ஒப்பந்தப்புள்ளி எண்ணும் நேரமும் இருக்கும். அந்தச் சீட்டு இல்லையென்றால் கணினிக் கணக்கில் நீங்கள் போடவே இல்லை. நேரமும் நம் கடிகாரம் இல்லை, திரையில் மேலே ஓடுகிற சர்வர் நேரம். நான் எப்போதும் முந்தைய நாள் இரவே ஏற்றி, ஃப்ரீஸ் செய்து, சீட்டை அச்செடுத்துவிட்டுத்தான் படுப்பேன். கெடுவுக்கு முன்னால் திருத்த அறிவிப்பு வந்திருக்கிறதா என்று காலையில் ஒரு முறை பார்ப்பேன், வந்திருந்தால் மறுபடி ஏற்றிவிடலாம்.

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 15)

உங்களுக்கு வருத்தமான பதில்தான் இருக்கிறது. இணையதளமே அந்த நேரத்தில் முடங்கிவிட்டது, பலருக்கும் ஏறவில்லை, நீங்கள் உடனே உதவி மையத்துக்குப் புகார் அனுப்பினீர்கள் என்றால் பேச இடம் உண்டு. பொத்தானை அழுத்தாமல் விட்டதற்கு நீதிமன்றம் உதவாது.

டெண்டர் கட்டத்தில் நீதிமன்றம் எதைப் பார்க்கும் என்பது 1994 டாடா செல்லுலார் தீர்ப்பிலிருந்து ஒரே பாதையில் போகிறது. முடிவு சரியா என்பதைப் பார்க்காது, முடிவெடுத்த முறை சரியா என்று பார்க்கும். 2007 ஜகதீஷ் மண்டல் வழக்கில், கெட்ட நோக்கமோ தன்னிச்சையோ இருக்கிறதா, பொதுநலன் பாதிக்கப்படுகிறதா என்ற இரண்டு கேள்விகளைக் கேட்கச் சொன்னார்கள். 2016 ஆஃப்கான்ஸ் வழக்கில், டெண்டர் ஆவணத்துக்கு என்ன பொருள் என்று சொல்ல அதை எழுதியவரே பொருத்தமானவர் என்றார்கள். 2022 என்.ஜி. புராஜெக்ட்ஸ் தீர்ப்பு இன்னும் கடுமை. கட்டுமான வேலைக்குத் தடை கொடுக்காதீர்கள், தவறு நடந்திருந்தால் இழப்பீட்டைப் பாருங்கள் என்று சொல்லிவிட்டது.

சின்னக் குறைக்கு விலக்கு உண்டு. 1991 போதார் ஸ்டீல் வழக்கில் முன்வைப்புத் தொகையை ஸ்டேட் வங்கி வரைவோலையாகக் கேட்டிருந்தார்கள், இவர் யூனியன் வங்கி சான்றளித்த காசோலை வைத்தார். அது துணை நிபந்தனை, தளர்த்தலாம் என்றார்கள். ஆனால் அங்கே துறையே தளர்த்தியது. துறை தளர்த்தாதபோது நாம் போய்க் கட்டாயப்படுத்துவது வேறு.

தமிழ்நாட்டில் டெண்டர் போடுகிற எல்லோரும் இரண்டு எண்ணை மனதில் வைக்க வேண்டும். ஒப்பந்தப்புள்ளிகளில் வெளிப்படைத்தன்மைச் சட்டம், 1998, பிரிவு 11இன்படி, ஒருவருடைய ஒப்பந்தப்புள்ளியை ஏற்ற உத்தரவு கிடைத்த 10 நாளில் அரசுக்கு மேல்முறையீடு செய்ய வேண்டும். 2000ஆம் ஆண்டு விதிகளில், 2 கோடி வரையிலான வேலைக்குக் குறைந்தது 15 நாளும், அதற்கு மேல் 30 நாளும் ஒப்பந்தப்புள்ளி போட அவகாசம் தர வேண்டும். குறைத்தால் மேலதிகாரி காரணத்தை எழுத்தில் பதிந்திருக்க வேண்டும். ஏழு நாள் கெடுவோடு ஒரு அறிவிப்பைப் பார்த்தால் அந்தக் காரணத்தைக் கேளுங்கள். கெடு முடியும் முன்பே கேளுங்கள், முடிவு வந்த பிறகு கேட்டால் கலந்துகொண்டு தோற்றவர் பேசுகிறார் என்பார்கள்.

மேலத்தெரு (பிப்ரவரி 15)

வேலைக்குத் தடை கொடுக்க வேண்டாம் என்ற தீர்ப்பு எனக்குச் சரியாகப் படுகிறது. எங்கள் ஊரில் ஒரு வருடம் போனது இரண்டு ஒப்பந்ததாரர்கள் போட்ட வழக்கில்தான்.

கருங்கல்ஜல்லி (பிப்ரவரி 15)

அண்ணே, உங்கள் கஷ்டம் புரிகிறது. ஆனால் வேலை முடிந்த பிறகு இழப்பீடு வாங்கிக்கொள் என்பது எங்களைப் போன்றவர்களுக்குக் காகிதத்தில்தான் இருக்கிறது. மேலே சொன்ன நாசிக் வழக்கைப் பாருங்கள். 1956இல் ரத்து, 1979இல் தீர்ப்பு. அந்த 23 வருடத்தில் வட்டிக்கு வாங்கியவன் என்ன ஆவான்? தடையும் கிடையாது, இழப்பீடும் காலத்தில் வராது என்றால், தவறாக டெண்டர் கொடுத்தவருக்கு ஒரு பயமும் இல்லாமல் போய்விடுகிறது. மேல்முறையீட்டைப் பத்து நாளில் போடச் சொல்கிறார்கள், நல்லது. அதற்குள்ளேயே வேலை உத்தரவு கொடுக்காமல் நிறுத்தி வைத்தால் ஊருக்கும் தாமதம் பெரிதாக இருக்காது, எங்களுக்கும் ஒரு வாய்ப்பு இருக்கும். இதைத்தான் சங்கங்கள் கேட்க வேண்டும்.

பழைய உதவிப் பொறியாளர் (பிப்ரவரி 16)

இழை தொடங்கிய தம்பிக்கு நாளை ஏழாவது நாள் வேறு. பதில் கொடுத்துவிட்டீர்களா?

வாய்க்கால்கரை (பிப்ரவரி 17)

இன்று காலை கொடுத்துவிட்டேன் சார். ஒன்பது பக்கம், பதினான்கு இணைப்பு. முதல் பக்கத்தில் நீங்கள் சொன்னபடி வேலை அட்டவணை. இரண்டாவதில் தடங்கல் பட்டியல். இடம் ஒப்படைப்பில் 77 நாள், கம்பத்தால் அதற்குப் பிறகு 36 நாள், தண்ணீரும் மழையும் தனி. என்னுடைய 18 நாளையும் எழுதியிருக்கிறேன். எழுதும்போது கை கொஞ்சம் நடுங்கியது. நேரில் விசாரிக்க வாய்ப்புக் கேட்டிருக்கிறேன். நகலில் முத்திரை வாங்கிவிட்டேன், ஸ்பீட் போஸ்டிலும் போட்டாயிற்று.

ரத்து செய்தால் அடுத்து எங்கே போவது சார்?

மதுரைக் கட்சிக்காரர் (பிப்ரவரி 17)

அக்ரிமெண்ட்டில் தகராறு தீர்க்கும் விதி என்ன சொல்கிறது என்று பாருங்கள். நடுவர் மன்றம் என்று இருந்தால் அங்கே. இல்லையென்றால் உரிமையியல் வழக்கு. 3 லட்சத்துக்கு மேல் கட்டுமான ஒப்பந்தத் தகராறு என்றால் 2015 வணிக நீதிமன்றங்கள் சட்டத்துக்குள் வரும், அவசர நிவாரணம் கேட்காத வழக்கு என்றால் முதலில் சமரசத்துக்குப் போயாக வேண்டும். அரசுமீது வழக்கு என்பதால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80இன் இரண்டு மாத நோட்டீசும் உண்டு. ரிட் மனுவை உயர் நீதிமன்றம் இப்படிப்பட்ட உண்மைத் தகராறுகளில் பெரும்பாலும் எடுக்காது. விளக்கத்தைப் பரிசீலிக்காமலே ரத்து செய்தால் மட்டும் அதில் வழி இருக்கிறது. 2024இல் சுபோத் குமார் சிங் ராத்தோர் வழக்கில், கொல்கத்தாவில் சுரங்கப்பாதை பராமரிப்பு ஒப்பந்தத்தைக் காரணமில்லாமல் ரத்து செய்ததை உச்ச நீதிமன்றம் தன்னிச்சையானது என்று சொன்னது. ஆனால் உங்கள் விஷயம் அங்கே போகாமல் முடிந்தால் அதுதான் நல்லது.

வாய்க்கால்கரை (மே 29)

மூன்று மாதம் கழித்து வருகிறேன். பாதியில் விட்டுவிட்டேன் என்று யாரும் நினைக்க வேண்டாம், பகலும் இரவும் தளத்திலேயே இருந்துவிட்டேன்.

மார்ச் முதல் வாரம் நேரில் கூப்பிட்டார்கள். புதிதாக வந்த செயற்பொறியாளர் பட்டியலை வரிவரியாகப் படித்தார். கம்பம் தொடர்பாகத் துறை எழுதிய மூன்று கடிதங்களைத் தகவல் உரிமையில் வாங்கி வைத்திருந்தேன், அதைக் காட்டியதும் அதற்கு மேல் அந்த வரியில் கேள்வி வரவில்லை. பதினெட்டு நாளை நான் ஒப்புக்கொண்டிருந்ததைப் பார்த்துவிட்டு, "இதை ஏன் எழுதினீர்கள்?" என்று கேட்டார். நடந்தது என்று சொன்னேன். மே 31 வரை நீட்டிப்புக் கொடுத்து உத்தரவு வந்தது. ரத்து இல்லை, டெபாசிட் பறிமுதல் இல்லை. அபராதத்தைப் பற்றி மட்டும் கடைசிப் பில்லில் முடிவு செய்வோம் என்று எழுதியிருந்தார்கள்.

மேல்தளக் கான்கிரீட் இந்த மாதம் 9ஆம் தேதி போட்டோம். நேற்று இரண்டு பக்கமும் மண் நிரப்பி முடித்தாயிற்று. கைப்பிடிச் சுவருக்குப் பெயிண்ட் மட்டும் பாக்கி.

கடைசிப் பில் நேற்று தயாரானது. 18 நாளுக்கு மட்டும் கணக்குப் போட்டிருந்தால் சரி என்று வாங்கியிருப்பேன். 60 நாளுக்குப் போட்டிருக்கிறார்கள். மழை நாட்களில் பாதியைக் கழிக்கவில்லை. கையெழுத்துப் போடும் இடத்தில் அந்த அச்சடித்த வரி இருந்தது. சூளைமேட்டுத் தங்கச்சி எழுதியதுதான் நினைவுக்கு வந்தது. அதை அடித்துவிட்டு, "42 நாள் பிடித்தத்தை ஆட்சேபித்துப் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். கணக்காளர் கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார், அப்புறம் வாங்கி வைத்துக்கொண்டார். அதே விவரத்தோடு கடிதம் இன்று காலை ஸ்பீட் போஸ்டில் போயிருக்கிறது.

மேலத்தெரு அண்ணனுக்கு: தண்ணீர் திறக்க இன்னும் மூன்று நாள் இருக்கிறது. நேற்று சாயங்காலமே ஒரு டிராக்டர் பாலத்தைத் தாண்டிவிட்டது, நான் தடுக்கவில்லை.